சம்பளச் செக்கை ஒளித்து வைக்கச் சொன்ன மனிதர்: கிரெஸ்கின் பற்றிக் கொஞ்சம் பேசலாமா?

பழையகாமிக்ஸ் எழுதியது:

நண்பர்களே, அமெரிக்க மேடை வித்தைக்காரர் கிரெஸ்கின் பற்றி இந்த இழையைத் தொடங்க வேண்டும் என்று பல நாளாக நினைத்துக்கொண்டிருந்தேன். சின்ன வயதில் முத்து காமிக்ஸில் மாண்ட்ரேக் படித்தவர்கள் இங்கே நிறையப் பேர் இருக்கிறீர்கள் என்பது தெரியும். உயரத் தொப்பி, கறுப்பு மேலங்கி, பக்கத்தில் லொதார், கையை ஒரு வீசு வீசினால் எதிரியின் துப்பாக்கி பாம்பாகிவிடும். அது பாம்பு இல்லை, எதிரியின் மனசுக்குப் பாம்பாகத் தெரிகிறது, அவ்வளவுதான். மாண்ட்ரேக் மந்திரவாதி என்று பெயர் வாங்கினாலும் செய்ததெல்லாம் மனவசியம் என்பது எனக்குப் பத்து வயதில் புரிந்தது, அன்றிலிருந்து அந்த விஷயத்தின் மேல் ஒரு கிறுக்கு.

லீ ஃபாக் 1934இல் உருவாக்கிய அதே மாண்ட்ரேக்கைப் படித்துவிட்டு, அமெரிக்காவில் நியூஜெர்சி மாநிலம் மான்ட்கிளேரில் ஒரு பையன் இதுதான் என் வாழ்க்கை என்று முடிவு செய்திருக்கிறான். பெயர் ஜார்ஜ் ஜோசப் கிரெஸ்கி. 1935 ஜனவரியில் பிறந்தவர். பிற்பாடு கிரெஸ்கின் என்ற பெயரில் மேடையேறி, ‘தி அமேசிங் கிரெஸ்கின்’ என்பதையே சட்டப்படி தன் பெயராக மாற்றிக்கொண்டு, 2024 டிசம்பர் 10 அன்று 89 வயதில் இறந்தார். முதுமையிலும் ஊர் ஊராகப் போய் மேடையேறிக்கொண்டே இருந்தவர்.

அவருடைய முக்கியமான நிகழ்ச்சி இதுதான். அன்றைய சம்பளச் செக்கைப் பார்வையாளர்களிடம் கொடுத்துவிடுவார். அவரை அரங்கத்துக்கு வெளியே காவலோடு கொண்டுபோய் நிறுத்திவிடுவார்கள். கூட்டத்திலிருந்து தேர்ந்தெடுத்த சிலர் அதை எங்கேயாவது ஒளித்து வைப்பார்கள். திரும்பி வந்து கண்டுபிடிக்க வேண்டும். கண்டுபிடிக்கவில்லையா, அன்றைக்குச் சம்பளம் கிடையாது. ஆயிரக்கணக்கான நிகழ்ச்சிகளில் தோற்றது பத்துத் தடவை அளவில்தான் என்று அவரே சொல்லிவந்தார். வான்கோழிக் கறிக்குள் திணித்து வைத்ததை எடுத்திருக்கிறார், ஒரு பெரியவரின் பல்செட்டுக்குள் இருந்ததை எடுத்திருக்கிறார், இதெல்லாம் அவர் மறுபடி மறுபடி சொன்ன கதைகள்.

எனக்குள்ள கேள்வி ஒன்றே ஒன்று. இந்த மனிதர் தனக்கு அமானுஷ்ய சக்தி இருக்கிறது என்று சொன்னதில்லை. நான் ஜோசியன் இல்லை, குறி சொல்கிறவன் இல்லை, மக்களை மகிழ்விக்கிறவன் என்று சொல்லிக்கொண்டார். அதே சமயம் இது வெறும் தந்திரம் என்றும் ஒருநாளும் சொல்லவில்லை. நடுவில் ஓர் இடத்தில் அறுபது வருஷத்துக்கு மேல் நின்றுகொண்டிருந்தார். அந்த இடம் நேர்மையான இடமா? மனதில் பட்டதை எழுதுங்கள்.

---

மேடைக்காரன் எழுதியது:

நல்ல இழை தொடங்கினீர்கள் ஐயா. நான் திருச்சிப் பக்கம். பதினான்கு வருஷமாக மேடையில் மேஜிக் செய்கிறேன், அதில் பாதிக்கு மேல் மென்டலிசம்தான், அதாவது மனசைப் படிப்பது போன்ற வித்தைகள். கல்யாண ரிசப்ஷன், கல்லூரி விழா, கம்பெனி ஆண்டு விழா இப்படி. முழுநேரம் இல்லை, பகலில் வேறு வேலை இருக்கிறது. கிரெஸ்கினை நேரில் பார்த்ததில்லை, ஆனால் எங்கள் ஆட்கள் நடுவில் அவர் பெயர் வராத பேச்சே கிடையாது.

செக் விஷயத்தை மட்டும் இப்போது சொல்கிறேன். இது அவர் கண்டுபிடித்தது இல்லை, பழைய வித்தை. 1870களில் அமெரிக்காவில் ஜே. ராண்டால் பிரவுன் என்று ஒருவர், ஒளித்து வைத்த குண்டூசியைக் கண்டுபிடிப்பார். ஒளித்தவரின் கையைப் பிடித்துக்கொண்டு அரங்கம் முழுக்க ஓடுவார். ஜார்ஜ் பியர்ட் என்ற நரம்பு மருத்துவர் அவரைச் சோதித்துவிட்டு 1877இல் எழுதினார், இது மனசைப் படிப்பது இல்லை, தசையைப் படிப்பது என்று. எங்கள் தொழிலில் இன்றைக்கும் ‘மசில் ரீடிங்’ என்றுதான் சொல்கிறோம்.

எப்படி என்றால், ஒரு பொருள் எங்கே இருக்கிறது என்று தெரிந்த ஒருவர் அதை மட்டுமே நினைத்துக்கொண்டு நடந்தால், உடம்பு சும்மா இருக்காது. சரியான பக்கம் திரும்பினால் கை இளகும். தப்பான பக்கம் போனால் லேசாக ஒரு பிடிப்பு வரும். அவருக்கே தெரியாது. உழுகிறவர்களுக்கு இதைச் சொன்னால் உடனே புரியும், மாட்டுக் கயிற்றைக் கையில் பிடித்துக்கொண்டு நடக்கும்போது மாடு எந்தப் பக்கம் திரும்ப நினைக்கிறது என்பது அது திரும்புவதற்கு முன்பே கைக்குத் தெரிந்துவிடும் இல்லையா, அதே கதைதான். கிரெஸ்கின் பல நேரம் கையைக்கூடப் பிடிக்க மாட்டார், ஒரு கைக்குட்டையின் இந்த முனை இவர் கையில், அந்த முனை அவர் கையில். துணி வழியாக வருகிற இழுப்பே போதும். கைக்குட்டையும் இல்லாமல் செய்கிறவர்கள் இருக்கிறார்கள், அப்போது காலடிச் சத்தம், மூச்சு, சுற்றி உட்கார்ந்திருக்கிற கூட்டத்தின் அமைதி, எல்லாவற்றையும் கவனிக்க வேண்டும். ஐந்நூறு பேர் மறைவிடத்தைத் தெரிந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தால் அந்த மண்டபமே பேசும்.

இதைச் சொல்லிவிட்டால் மாயம் போய்விடும் என்று யாரும் பயப்பட வேண்டாம். தெரிந்துகொள்வது ஒன்று, அத்தனை பேர் முன்னால் அன்றைய கூலியைப் பணயம் வைத்துச் செய்வது வேறு. நான் இதை ஒரே ஒரு தடவை உண்மையான பணத்தோடு செய்து பார்த்தேன். அந்தக் கதையை அப்புறம் எழுதுகிறேன்.

---

யாழ்வாசகி எழுதியது:

வணக்கம். நான் யாழ்ப்பாணத்தில் படிப்பிக்கிறேன். கிரெஸ்கின் பற்றி நிறையத் தெரியாது, தேடி வாசித்தேன். அவருக்கு இது எப்படித் தொடங்கியது என்ற கதை எனக்கு மிகவும் பிடித்துவிட்டது. பள்ளிக்கூடத்தில் ஒரு பொருளை ஒளித்து வைத்து, கிட்ட வந்தால் ‘சூடு’, தள்ளிப் போனால் ‘குளிர்’ என்று சொல்லி விளையாடும் விளையாட்டு. வீட்டுக்குப் போய்த் தம்பியை ஒரு நாணயத்தை ஒளித்து வைக்கச் சொல்லிவிட்டு, சூடு குளிர் ஒன்றுமே சொல்லாதே, மனதில் மட்டும் நினை என்று சொன்னாராம். திரைச்சீலை தொங்கும் கம்பியின் மேலே கையை வைத்தார், நாணயம் அங்கே இருந்தது.

இதை வாசித்ததும் எனக்குக் கிச்சுக்கிச்சுத் தாம்பாளம்தான் நினைவு வந்தது. மணலைக் குவித்து நீட்டி அதற்குள் ஒரு துரும்பை ஒளிப்போமே. எதிரே இருக்கிற பிள்ளை இரண்டு கையையும் கோர்த்து மணலின் மேல் பொத்தி வைக்கும். எங்கள் ஒழுங்கையில் ஒரு பிள்ளை எப்போதும் வெல்லுவாள். அவள் மணலைப் பார்க்கவே மாட்டாள், ஒளித்தவரின் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பாள். எனக்கு அது இப்போதுதான் விளங்குகிறது.

மேடைக்காரன் அண்ணாவிடம் ஒரு கேள்வி. எங்கள் அம்மம்மா சொல்லுவா, சந்தையில் குறளி வித்தை காட்டுகிறவர் ஒரு பையனைப் படுக்க வைத்துத் துணியால் மூடிவிட்டு, கூட்டத்தில் இருப்பவர் கையில் என்ன இருக்கிறது, பையில் எவ்வளவு காசு என்று கேட்பாராம், பையன் மூடின துணிக்குள் இருந்தே சரியாகச் சொல்லுவானாம். அதுவும் இந்தத் தசை வாசிப்பா?

---

மேடைக்காரன் எழுதியது:

இல்லை தங்கச்சி, அது வேறு வகை. குறளி வித்தையில் ரகசியம் கேள்வியில் இருக்கிறது. ‘இது என்ன’, ‘சீக்கிரம் சொல்லு’, ‘ம், பார்த்துச் சொல்லு’, ‘ஐயா கையில் என்ன’ என்று வித்தைக்காரர் ஒவ்வொரு தடவையும் வேறு வேறு மாதிரி கேட்பார், கூட்டத்துக்கு அது வெறும் அதட்டல். பையனுக்கு ஒவ்வொரு சொல்லும் ஒரு குறி. வாட்சு, மோதிரம், சாவி, பத்து ரூபாய் நோட்டு எல்லாவற்றுக்கும் சொல் வைத்திருப்பார்கள். இந்த முறையை 1846இல் பாரிஸில் ராபர்ட் ஊதான் தன் மகன் எமிலை வைத்துச் செய்து பெரிய பெயர் வாங்கினார். நம் தெருவில் துணிக்குள் படுத்திருந்த பையனும் பாரிஸ் மேடையில் கண்ணைக் கட்டிக்கொண்டு நின்ற பையனும் ஒரே தொழில் செய்தவர்கள். நம் ஆட்களுடைய வித்தையை யாரும் முறையாக எழுதி வைக்கவில்லை என்பது எனக்கு நிஜமாகவே வலிக்கிற விஷயம்.

1949இல் பிபிசி வானொலியில் சிட்னி பிடிங்டன், லெஸ்லி பிடிங்டன் என்று ஆஸ்திரேலியக் கணவன் மனைவி இருவரும் இதே போல் மனத்தொடர்பு நிகழ்ச்சி செய்து பிரிட்டன் முழுவதையும் பேச வைத்தார்கள். சிட்னி அந்த வித்தையை வளர்த்தது எங்கே தெரியுமா? இரண்டாம் உலகப் போரில் சிங்கப்பூர் சாங்கியில் ஜப்பானியர்களின் கைதி முகாமில், சக கைதிகளுக்குப் பொழுதுபோக்காக. அவர்கள் ஒவ்வொரு நிகழ்ச்சியையும் முடிக்கும்போது தீர்ப்பை நீங்களே சொல்லுங்கள் என்று நேயர்களிடம் விட்டுவிடுவார்கள். பழையகாமிக்ஸ் ஐயா கேட்ட அந்த நடு இடம் அப்போதே இருந்திருக்கிறது.

---

போத்தனூர்க்காரர் எழுதியது:

நான் கொஞ்சம் கடுமையாகவே பேசப்போகிறேன், மன்னிக்கவும். எங்கள் ஊரில் வாழ்ந்தவர் பி. பிரேமானந்த். 2009இல் மறைந்தார். சாமியார்கள் செய்கிற விபூதி வரவழைப்பு, தீயைக் கையில் ஏந்துவது, உடம்பில் வேல் குத்துவது எல்லாவற்றையும் ஊர் ஊராகப் போய்ச் செய்து காட்டி, உடனே எப்படிச் செய்தேன் என்றும் விளக்கிவிடுவார். மேஜிக் தெரிந்த ஒருவருடைய கடமை அதுதான் என்று நம்பி வளர்ந்தவன் நான். அதனால் ‘சக்தி என்றும் சொல்ல மாட்டேன், தந்திரம் என்றும் சொல்ல மாட்டேன்’ என்கிற ஆளை எனக்குப் பிடிக்கவில்லை.

கிரெஸ்கின் பெயரில் 1960களில் மில்டன் பிராட்லி கம்பெனி ஒரு விளையாட்டுப் பெட்டி விற்றது. பெயரே கிரெஸ்கின்ஸ் ஈஎஸ்பி. அதில் ஓர் ஊசல் இருக்கும், நூலில் கட்டித் தொங்கவிட்டுக் கேள்வி கேட்க வேண்டும், அது ஆடி விடை சொல்லும். புலன் கடந்த அறிவு என்று அட்டையிலேயே போட்டுக் குழந்தைகளுக்கு விற்றுவிட்டு, நான் எதையும் சொல்லவில்லை என்றால் எப்படி?

இந்த ஊசல் விஷயம் எனக்கு ஏன் சுருக்கென்று குத்துகிறது என்றால் எங்கள் வீட்டில் நடந்தது. அப்பா போர்வெல் போடுவதற்கு முன்னால் நீரோட்டம் பார்க்கிறவரை அழைத்து வந்தார். உள்ளங்கையில் தேங்காயை வைத்துக்கொண்டு தோட்டத்தில் நடந்தார். ஓர் இடத்தில் தேங்காய் விறைப்பாக நிமிர்ந்து நின்றது, நான் கண்ணால் பார்த்தேன். அந்த இடத்தில் 700 அடி போட்டோம், புழுதிதான் வந்தது. இன்னோர் இடம் காட்டினார், அங்கேயும் இல்லை. அந்தக் கடன் அடைய நான்கு வருஷம் ஆனது, என் அக்காவின் படிப்பு அதில்தான் நின்றது. அந்த மனிதர் பொய்க்காரர் என்று இன்றைக்கும் சொல்ல மாட்டேன். தேங்காய் தானாக நிமிர்கிறது என்று அவர் மனதார நம்பினார். தன் கைதான் அதை நிமிர்த்துகிறது என்பது அவருக்குத் தெரியாது. வில்லியம் கார்ப்பென்டர் 1852லேயே இதற்குப் பெயர் வைத்து விளக்கிவிட்டார், நினைப்பே தசையை அசைக்கும், அசைத்தவனுக்கு அசைத்தது தெரியாது. கவட்டைக் குச்சி, தேங்காய், ஊசல், மேடைக்காரன் சொன்ன கைக்குட்டை எல்லாமே இது ஒன்றுதான். இவ்வளவும் தெரிந்த கிரெஸ்கின் அதைப் பளிச்சென்று சொல்லியிருந்தால் எத்தனை பேருக்கு உதவியாக இருந்திருக்கும் என்பதே என் ஆதங்கம்.

---

பழையகாமிக்ஸ் எழுதியது:

போத்தனூர்க்காரர், நீங்கள் எழுதியதை இரண்டு தடவை படித்தேன். உங்கள் அக்காவைப் பற்றிப் படித்தபோது மனசு கனத்தது. உங்கள் கோபத்தோடு எனக்கு வாதமே இல்லை.

ஆனால் அவர் பளிச்சென்று உடைத்த விஷயம் ஒன்று உண்டு. ஹிப்னாடிசம். ஆரம்ப காலத்தில் அவரே மேடை ஹிப்னாடிஸ்ட். பிற்பாடு, ஹிப்னாடிக் டிரான்ஸ், அதாவது வசிய மயக்கம், என்று தனியாக ஒரு நிலையே கிடையாது, அது இருக்கிறது என்று நிரூபிக்கிறவருக்குப் பணம் தருகிறேன் என்று அறிவித்தார். 50,000 டாலர் வரை, பிறகு ஒரு லட்சம் டாலர் வரை அந்தத் தொகை போனது. தன் வயிற்றுப்பிழைப்பில் ஒரு பகுதியைத் தானே உடைத்த ஆள் அவர்.

---

உளவியல்மாணவி எழுதியது:

இடையில் வருகிறேன். ஹிப்னாடிசம் விஷயத்தில் கிரெஸ்கின் தனியாள் இல்லை. தியோடர் பார்பர் என்ற உளவியலாளர் 1960களில் மாசசூசெட்ஸில் தொடர்ந்து செய்த ஆய்வுகளில், தூக்கம் வருகிறது, கண் சொக்குகிறது என்கிற சடங்கு எதுவும் இல்லாமல், உற்சாகமாக ஊக்கம் கொடுத்துச் சொன்னாலே மக்கள் அதே காரியங்களைச் செய்வார்கள் என்று காட்டினார். கை விறைப்பது, பெயர் மறப்பது எல்லாமே. எல்லா ஆய்வாளர்களும் இதை ஒப்புக்கொள்ளவில்லை, தனி நிலை உண்டு என்பவர்கள் இன்றைக்கும் இருக்கிறார்கள், ஹிப்னாசிஸ் வலி குறைக்கப் பயன்படுவதும் உண்மைதான். கிரெஸ்கின் அந்தச் சர்ச்சையில் ஒரு பக்கம் நின்றார்.

மேடையில் அவர் செய்ததைப் பழைய ஒளிப்பதிவுகளில் பாருங்கள். 1970களின் முதல் பாதியில் கனடாவின் ஒட்டாவாவில் படமாக்கி ஒளிபரப்பான அவருடைய தொடர் கிடைக்கிறது. கூட்டத்தோடு வேகமாகப் பேசுகிறார், சிரிக்கிறார், இதற்கு ஒத்துவருகிறவர்கள் யார் என்று அதற்குள் பார்த்துக்கொள்கிறார். யாரையும் தூங்கு என்று சொல்லவில்லை. நாற்காலியிலிருந்து எழுந்திருக்க முடியாது என்கிறார், முடியவில்லை. எனக்கு அதைப் பார்த்தபோது மயிர்க்கூச்செறிந்தது. ஏனென்றால் பேச்சு ஒன்றுக்கே இவ்வளவு வலு இருக்கிறது என்று அங்கே தெரிகிறது, அரசியல் மேடையிலும் விளம்பரத்திலும் ஆன்மிகக் கூட்டத்திலும் இதே விஷயம் வேறு வேஷத்தில் நடக்கிறது.

---

நியூஜெர்சித்தமிழ் எழுதியது:

நான் இருபது வருஷமாக அவர் ஊருக்குப் பக்கத்திலேயே இருக்கிறேன். ஒரு தடவை சின்ன அரங்கு ஒன்றில் பார்த்தேன், கூட்டம் முந்நூறு பேர் இருக்கும். அப்போதே எழுபதைத் தாண்டியிருந்தார். கண்ணாடி, பளபளப்பான கோட்டு, இடைவிடாத பேச்சு. கையைக் குலுக்கினால் விடமாட்டார், மேலும் கீழுமாகக் கிணற்றில் பம்பு அடிப்பது போல அடித்துக்கொண்டே இருப்பார், அது அவருடைய அடையாளம்.

தொலைக்காட்சியின் உச்ச காலத்தில் அவர் யார் என்பது நம் பக்கத்து ஆட்களுக்குத் தெரியாமல் இருக்கலாம். ஜானி கார்சன் நடத்திய இரவு நிகழ்ச்சியில் அவர் கணக்குப்படி 88 முறை வந்திருக்கிறார். அமெரிக்கா முழுவதும் தூங்கப் போகும் முன் பார்த்த நிகழ்ச்சி அது. அதே கார்சன் மேடைக்கு 1973இல் யூரி கெல்லர் வந்தார், மன சக்தியால் கரண்டியை வளைக்கிறேன் என்று சொன்னவர். கார்சனே சிறு வயதில் மேஜிக் செய்தவர், போலி அமானுஷ்யங்களை அம்பலப்படுத்திவந்த மேஜிக்காரர் ஜேம்ஸ் ராண்டியிடம் யோசனை கேட்டு, பொருட்களைக் கெல்லரின் ஆட்கள் தொட முடியாதபடி தாமே தயார் செய்து வைத்திருந்தார். கெல்லர் இருபது நிமிஷத்துக்கு மேல் உட்கார்ந்து, இன்றைக்குச் சக்தி சரியாக இல்லை என்று சொல்லிவிட்டு எழுந்து போனார். கிரெஸ்கினுக்கு அப்படி ஒரு நாள் அந்த மேடையில் வரவில்லை. சக்தி என்று அவர் உரிமை கொண்டாடவில்லை, அதனால் யாரும் அவரைப் பிடிக்க வலை விரிக்கவும் இல்லை என்று நினைக்கிறேன்.

உச்சம் போன பிறகு அவர் வாழ்ந்த விதம்தான் என் மனசில் நிற்கிறது. டிவி குறைந்துவிட்டது, பெரிய அரங்குகள் குறைந்துவிட்டன, ஆனால் சின்ன ஊர், சின்ன மேடை, கல்லூரி, கேசினோ என்று வருஷத்தில் பெரும்பகுதி சாலையிலேயே. அவரிடம் உதவியாளராக வேலை பார்த்த ஷான் மெக்கின்லி என்பவர் அந்த நாட்களை மனதில் வைத்து 2008இல் ஒரு படமே எடுத்தார், ஜான் மால்கோவிச் நடித்தது. கூட்டம் பாதி காலியாக இருந்தாலும், முழு அரங்கு கைதட்டுகிற மாதிரி உள்ளே ஓடி வருவார், நான் பார்த்த அன்றும் அப்படித்தான் வந்தார். செக்கை அன்று கண்டுபிடித்தார். ஓர் அம்மாவின் குடைக்குள் சுருட்டி வைத்திருந்தார்கள். குடைக்குக் கிட்டே வந்தபோது அவர் முகம் வியர்த்திருந்தது, கைக்குட்டையின் மறுமுனையைப் பிடித்திருந்த பையன் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டிருந்தான்.

---

போத்தனூர்க்காரர் எழுதியது:

எல்லாம் சரி, 2002ஐ யாரும் எழுதவில்லையே. அந்த வருஷம் கிரெஸ்கின், லாஸ் வேகாஸ் பாலைவனத்தின் மேல் ஜூன் 6 இரவு பறக்கும் தட்டுகள் தெரியும், நிறையப் பேர் பார்ப்பார்கள், இல்லையென்றால் 50,000 டாலர் தர்மத்துக்குத் தருகிறேன் என்று அறிவித்தார். நூற்றுக்கணக்கான பேர் வேலை வெட்டியை விட்டுப் போய் வானத்தை அண்ணாந்து பார்த்தார்கள். ஒன்றும் வரவில்லை. சிலர் ஏதோ பச்சை வெளிச்சம் பார்த்தோம் என்றார்கள். பிற்பாடு அவர், செப்டம்பர் 11க்குப் பிறகு மக்கள் எவ்வளவு சுலபமாக எதையும் நம்பும் நிலையில் இருக்கிறார்கள் என்று காட்டத்தான் செய்தேன் என்றார். நான் இதை ஏற்க மாட்டேன். ஆளை ஏமாற்றிவிட்டு, பார்த்தாயா நீ எவ்வளவு சுலபமாக ஏமாறுகிறாய் என்று சொல்வது பாடம் இல்லை. பிரேமானந்த் எங்களை ஏமாற்றிய அடுத்த நிமிஷமே விளக்கினார், நாங்கள் வீட்டுக்குப் போகும்போது தெளிவாகப் போனோம்.

---

யாழ்வாசகி எழுதியது:

போத்தனூர் அண்ணா சொல்வதில் எனக்கு உடன்பாடு உண்டு. எங்கள் பக்கத்தில் ஆபிரகாம் கோவூர் ஐயா இருந்தார். கேரளத்தில் பிறந்து, யாழ்ப்பாணம் மத்திய கல்லூரியில் தாவரவியல் படிப்பிக்க வந்தவர். பிறகு கொழும்பில் வாழ்ந்து 1978இல் காலமானார். 1963இல் அவர் ஒரு லட்சம் ரூபாய் சவால் விட்டார். முத்திரையிட்ட உறைக்குள் இருக்கும் பணத்தாளின் இலக்கத்தை வாசித்துக் காட்டு, அது முதலில் வரும் நிபந்தனைகளில் ஒன்று. ஏமாற்ற முடியாத சூழலில் செய்து காட்ட வேண்டும். ஒருவரும் அந்தப் பணத்தைப் பெறவில்லை. பிரேமானந்த் ஐயா அந்தச் சவாலைத்தான் இந்தியாவில் தொடர்ந்தார்.

மூடிய உறையை வாசிப்பது மேடை வித்தைக்காரருடைய வழக்கமான காட்சிதானே. ஒரே உறை, கோவூர் ஐயாவின் கையில் சோதனை, கிரெஸ்கின் கையில் வேடிக்கை, குறி சொல்லும் ஒரு சாத்திரியாரின் கையில் வியாபாரம். எனக்கு அந்த மூன்றாவதுதான் பயம். வித்தை பார்க்க வந்தவர் நுழைவுச்சீட்டுக் காசோடு தப்பிவிடுவார். காணாமல் போன மகனைப் பற்றிக் கேட்கப் போன தாய் எதைக் கொடுப்பாள் என்று எங்களுக்குத் தெரியும். போருக்குப் பிறகு இங்கே அப்படிப் போன தாய்மார் எத்தனை பேர். அவர்களிடம் ‘உன் பிள்ளை உயிரோடு இருக்கிறான், வடக்குத் திசையில் இருக்கிறான்’ என்று சொல்லிக் காசு வாங்கியவர்களை நான் கண்ணால் கண்டிருக்கிறேன்.

---

மேடைக்காரன் எழுதியது:

யாழ்வாசகி தங்கச்சி எழுதியதைப் படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் ஒன்றும் எழுத முடியவில்லை.

எங்கள் தொழிலில் இதற்கு ஒரு கறுப்புப் பக்கம் இருக்கிறது, அதை மறைத்துப் பேசுவது தப்பு. எரிக் யான் ஹானுசென் என்று வியன்னாவில் பிறந்தவர், உண்மையான பெயர் ஹெர்மன் ஸ்டைன்ஷ்னைடர், யூதர். மேடையில் மனசைப் படித்துப் பெரிய ஆளாகி, மேடையோடு நிற்காமல் பெர்லினில் பணக்காரர்களுக்குத் தனியாகக் குறி சொன்னார், பத்திரிகை நடத்தினார், நாஜிப் படைத் தலைவர்களுக்குக் கடன் கொடுத்து நண்பரானார். 1933 பிப்ரவரி 26 அன்று தன் மாளிகையில் ஒரு பெரிய கட்டடம் எரிவது தெரிகிறது என்று ஆவேசம் வந்த மாதிரி சொன்னார். மறுநாள் இரவு ஜெர்மன் நாடாளுமன்றக் கட்டடம் எரிந்தது. அடுத்த மாதமே நாஜிகள் அவரைச் சுட்டுக் கொன்று காட்டில் போட்டார்கள். மேடையில் செய்யும்போது வித்தையாக இருந்தது, மேடையை விட்டு இறங்கி அதையே செய்தபோது அவரையும் சேர்த்து விழுங்கிவிட்டது.

கிரெஸ்கினை நான் ஏன் மதிக்கிறேன் என்று யோசித்துப் பார்த்தேன். பறக்கும் தட்டு விஷயத்தில் போத்தனூர்க்காரர் பக்கம்தான் நானும், அது தப்பு. ஒவ்வொரு புது வருஷமும் டிவியில் உட்கார்ந்து வரப்போவதைச் சொன்னதும் எனக்குப் பிடிக்காது. ஆனால் செக்? அதில் நஷ்டம் வந்தால் அவருக்கு மட்டும்தான். குறி சொல்கிறவர் தப்பாகச் சொன்னால் கேட்டவருடைய வாழ்க்கை போகும், சொன்னவருக்கு ஒன்றும் ஆகாது. செக் விஷயத்தில் அது தலைகீழ். பார்வையாளர் ஜெயிக்கலாம், வித்தைக்காரர் வெறும் கையோடு ஊருக்குப் போகலாம்.

அந்தத் துணிச்சல் எனக்கும் வர வேண்டும் என்றுதான் 2017இல் ஒரு மகளிர் கல்லூரி விழாவில் என் அன்றைய சம்பளத்தை வைத்தேன். 6,000 ரூபாய்ச் செக். அதற்கு முன்னால் ஒரு வருஷம் தெருவிலும் சொந்தக்காரர் வீட்டிலும் சாவி, மோதிரம், கடுகு டப்பா எல்லாம் ஒளிக்கச் சொல்லிப் பழகியிருந்தேன், பத்துக்கு ஒன்பது வரும். என்னை முதல்வர் அறையில் உட்கார வைத்துப் பக்கத்தில் இரண்டு பேராசிரியைகள் காவல். திரும்பி வந்தேன். வழிகாட்ட ஒரு மாணவி வந்தாள், பட்டுப்புடவை, கொண்டை நிறைய மல்லிகை. கைக்குட்டையைப் பிடித்துக்கொண்டோம். அந்தப் பொண்ணு நிஜமாகவே முழுக் கவனத்தோடு நினைத்தாள், அது எனக்குக் கையில் தெரிந்தது. ஆனால் எந்தப் பக்கம் போனாலும் இளக்கமும் இல்லை, பிடிப்பும் இல்லை. இடது பக்கம் போனேன், வலது பக்கம் போனேன், பால்கனி வரை ஏறினேன், எல்லா இடமும் ஒரே மாதிரி இருந்தது. இருபத்தைந்து நிமிஷம். கடைசியில் மைக்கை வாங்கி, நான் தோற்றேன், இந்தப் பணம் உங்கள் நூலகத்துக்கு என்று சொல்லிவிட்டு இறங்கினேன். அரங்கம் எழுந்து நின்று கைதட்டியது. நான் ஜெயித்த எந்த நாளிலும் அப்படிக் கைதட்டியதில்லை. பஸ் செலவு என் கைக்காசு.

---

உளவியல்மாணவி எழுதியது:

அண்ணா, செக் எங்கே இருந்தது என்று சொல்லவே இல்லையே.

---

பழையகாமிக்ஸ் எழுதியது:

அதானே! நானும் அதைத்தான் கேட்க வந்தேன். ஒரு பக்கம்கூட இளகாமல் எப்படி இருக்கும்? அந்தப் பொண்ணுக்கு இடம் தெரியாதா?

---

மேடைக்காரன் எழுதியது:

நன்றாகத் தெரியும். எட்டாக மடித்து, ஊக்கு குத்தி, அவள் கொண்டையில் மல்லிகைச் சரத்துக்கு அடியிலேயே வைத்திருந்தார்கள். நான் எங்கே போனாலும் அது கூடவே வந்தது.